அவலாஞ்சியில் மரம் வெட்டுகிறார்கள், எதிர்ச் சரிவு மொட்டையாகக் கிடக்கிறது, அங்கே 500 கன்று நடலாமா?

கேள்வியை முதலில் என் வார்த்தையில் திருப்பிச் சொல்லிவிடுகிறேன். ஊட்டியிலிருந்து அவலாஞ்சி போகும் வழியில் ஆட்கள் மரம் வெட்டிக்கொண்டிருந்ததைப் பார்த்திருக்கிறீர்கள். விசாரித்தபோது "இது வெளிநாட்டு மரம், எடுக்கிறோம்" என்று சொல்லியிருக்கிறார்கள். அது சட்டப்படிதானா என்று உங்களுக்குச் சந்தேகம். எதிர்ச் சரிவில் ஒரு மரம்கூட இல்லை, வெறும் புல். அதுவும் அரசு நிலம்தான். இருக்கிற மரத்தை வெட்டிவிட்டு, மொட்டையாகக் கிடக்கிற இடத்தையும் சும்மா விடுவது என்ன நியாயம் என்று கேட்கிறீர்கள். கோவையில் இருக்கும் நீங்களும் நண்பர்களும் சேர்ந்து ஜூன் மழைக்கு 500 கன்று வாங்கித் தரத் தயார், எந்த மரம் நல்லது என்றும் கேட்டிருக்கிறீர்கள். எந்த மரம் என்பதற்கு இரண்டு வரியில் பதில் சொல்லிவிடலாம். ஆனால் மரம் இல்லாத அரசு நிலத்தைக் காலி நிலம் என்று நீங்கள் முடிவு செய்துவிட்டுத்தான் கேட்டிருக்கிறீர்கள். நான் பேச வேண்டியது அதைப் பற்றி.

என்னைப் பற்றிக் கொஞ்சம். தாவரவியல் படித்தவன். இருபது வருடத்துக்கு மேலாக மேல் நீலகிரியிலும் பழனி மலையிலும் புல்வெளி மீட்பு வேலையில் இருக்கிறேன். நாற்று வளர்ப்பது, நடுவது, பிடுங்குவது, பிடுங்கியதை எண்ணுவது, இதுதான் வேலை. நீரியல் நான் படித்ததில்லை. தண்ணீர் பற்றிச் சொல்லும்போது மற்றவர்கள் அளந்ததை வைத்தே சொல்வேன். அப்புறம், இங்கே சொல்வதெல்லாம் ஏறத்தாழ 1,800 மீட்டருக்கு மேலே உள்ள மலைக்குத்தான். முதுமலைக்கும் கூடலூருக்கும் இதை அப்படியே தூக்கிக்கொண்டு போகாதீர்கள்.

நீங்கள் மொட்டை என்று சொன்ன சரிவில் அடுத்த முறை கீழே மடிப்பைப் பாருங்கள். இரண்டு சரிவுகள் சேரும் பள்ளத்தில், ஓடையைக் கட்டிக்கொண்டு, கரும்பச்சையாய்க் குட்டைக் காடு ஒன்று இருக்கும். அதுதான் சோலை. உலகம் முழுக்கத் தாவரவியலாளர்கள் இந்த வகைக் காட்டை நம் வார்த்தையால்தான் எழுதுகிறார்கள். சோலையின் விளிம்பில் நின்றால் ஒரு விஷயம் புரியும். மரம் கொஞ்சம் கொஞ்சமாகக் குறைந்து புல்லாக மாறுவதில்லை. வீட்டுச் சுவரைத் தாண்டுவதுபோல இரண்டு மூன்று எட்டில் காடு முடிந்து புல்வெளி தொடங்கிவிடும். உள்ளே பாசி பிடித்த கிளை, ஈரம், இருட்டு. வெளியே காற்றும் வெயிலும். புல்வெளியில் துணிந்து தனியாக நிற்கும் மரம் பெரும்பாலும் காட்டுப்பூவரசுதான், சிவப்புப் பூ பூக்குமே அது. அதன் தடித்த பட்டை தீயைத் தாங்கும். மற்ற சோலை மரங்கள் பெரும்பாலும் வெளியே வருவதில்லை.

யாரோ காட்டை வெட்டியதால்தான் இப்படி ஆனது என்று பலர் நினைக்கிறார்கள். ஒரு காலத்தில் வனவியல் படித்தவர்களே அப்படித்தான் நினைத்தார்கள். இந்தச் சந்தேகத்தைத் தீர்த்தது சதுப்பு மண். மேல் நீலகிரியின் பள்ளங்களில் செடிகள் மக்காமல் அடுக்கடுக்காய்ப் படிந்த கரி மண் இருக்கிறது. மரங்களும், வெப்பமண்டலப் புற்களில் பெரும்பாலானவையும் காற்றிலிருந்து கார்பனை எடுக்கும் விதம் வேறு. அந்த வேறுபாடு மண்ணில் தங்கிவிடும். 1993-இல் வெளியான ஓர் ஆய்வு இந்த மண்ணை ஆழம் ஆழமாகத் தோண்டி, சுமார் 20,000 ஆண்டுக் கணக்கைப் படித்தது. பருவநிலை ஈரமாகவும் வறட்சியாகவும் மாறியதற்கு ஏற்ப மரமும் புல்லும் ஏறி இறங்கியிருக்கின்றன. ஆனால் புல் அந்தக் காலத்திலேயே இருந்திருக்கிறது, கோடரியோ தேயிலையோ வருவதற்கு எத்தனையோ ஆயிரம் ஆண்டு முன்பே. இது நான் உறுதியாகச் சொல்லும் முதல் விஷயம்.

புல் இவ்வளவு காலம் ஏன் புல்லாகவே நிற்கிறது, சோலை ஏன் மேலேறி மூடிவிடவில்லை என்று கேட்டால் அந்த உறுதி எனக்கு இல்லை. ஒரு சாரார் பனி என்கிறார்கள். டிசம்பர், ஜனவரி இரவுகளில் திறந்த சரிவில் உறைபனி படியும். சோலை மரக் கன்று அதில் கருகிவிடும். கருகியதை நானே நிறையப் பார்த்திருக்கிறேன். இன்னொரு சாரார் தீ என்கிறார்கள். தோடர்கள் எருமை மேய்ச்சலுக்காகக் காய்ந்த புல்லைத் தீயிட்டுவந்தவர்கள். மண்ணின் ஆழம்தான் காரணம் என்று சொல்பவர்களும் உண்டு. என் கணிப்பு, பனிதான் முதல் காரணம், தீ அதற்குத் துணை. இது கணிப்புதான், அதற்கு மேல் எடை கொடுக்க வேண்டாம்.

சரி, அப்படியானால் அந்தச் சரிவுகளில் இவ்வளவு வெளிநாட்டு மரம் எப்படி வந்தது? இதற்குப் பதில் செடி நூலைவிட நிலப் பதிவேட்டில்தான் அதிகம் இருக்கிறது. நம் வருவாய்த்துறைச் சொற்களைப் பாருங்கள்: தரிசு, தீர்வை ஏற்படாத தரிசு, புறம்போக்கு. உழுது வரி கட்டாத நிலம் எல்லாம் இந்தப் பெயர்களில் ஒன்றுக்குள் விழும். வெள்ளைக்காரன் கணக்கில் புல்வெளி என்றால் பயன்படாமல் கிடக்கும் நிலம். ஊட்டியும் வெலிங்டனும் வளர வளர விறகுப் பஞ்சம் வந்தது. சோலைகளை வெட்டித் தீர்த்தார்கள். 1843-இல் ஆஸ்திரேலியாவிலிருந்து வந்த நீல கற்பூர மரத்தை நட்டுப் பார்த்தார்கள், சரசரவென்று வளர்ந்தது. சீகை மரம் என்று இங்கே நாம் சொல்லும் வாட்டில் என்ற வெளிநாட்டு மரமும் அந்தப் பத்தொன்பதாம் நூற்றாண்டில் வந்ததுதான். சுதந்திரத்துக்குப் பிறகு நிலைமை மாறவில்லை, வேகம்தான் கூடியது. சீகைப் பட்டை தோல் பதனிடப் போனது, கற்பூர மரம் ரேயான் இழைக்குக் கூழாகப் போனது. குந்தா மின் திட்டத்துக்காக அணைகள் வந்தபோது பள்ளத்தாக்குகள் தண்ணீருக்குள் போயின. அந்தக் காலத்துக்கு அது வளர்ச்சிதான். மேலிருந்து வந்த உத்தரவின்படி புல்வெளியில் குழி தோண்டிச் சீகை நட்ட பெரியவர் ஒருவர் எங்களோடு பிற்பாடு அதைப் பிடுங்கும் வேலையிலும் இருந்தார். "அப்ப நட்டதுக்கும் கூலி, இப்ப பிடுங்குறதுக்கும் கூலி" என்பார். அவரைக் குற்றம் சொல்ல எனக்கு வாய் வராது.

இழப்பின் அளவுக்கு ஒரு கணக்கு சொல்கிறேன். செயற்கைக்கோள் படங்களை வைத்துப் பழனி மலையை ஆராய்ந்தவர்கள், 1973 முதல் நான்கு பத்தாண்டுகளில் அங்கிருந்த புல்வெளியில் மூன்றில் இரண்டு பங்கு போய்விட்டது என்று கண்டார்கள். போனது பெரும்பாலும் மரத்தோட்டமாகவும் விவசாய நிலமாகவும். ஒருவர் மரம் என்று மகிழ்ந்த இடம் இன்னொருவர் கணக்கில் அழிவு. குறிஞ்சியையே எடுத்துக்கொள்ளுங்கள். 2006-இல் பூத்து, மறுபடி 2018-இல் பூத்ததே, அந்தச் செடிக்குத் திறந்த வெயில் வேண்டும். ஒரு நிலத்துக்கே பெயர் தந்த பூ சீகைத் தோட்டத்தின் நிழலில் பூக்காது. வரையாடும் அப்படித்தான். தமிழகத்தின் மாநில விலங்கு அது. மேய்வது புல்லில், ஓடி ஒளிவது பாறைச் சரிவில். அதற்காகத்தான் 78 சதுர கிலோமீட்டர் முக்குருத்தி 1990-இல் தேசியப் பூங்காவானது. அதற்குள்ளேயும் சீகை நுழைந்திருக்கிறது. தோடர் கோவிலுக்குக் கூரை வேய ஒரு புல் உண்டு, அவ்ஃபுல் என்பார்கள். ஈரச் சதுப்பின் ஓரத்தில் வளரும். அது குறையக் குறைய கூரை மாற்றுவதே பெரும்பாடாகிவிட்டது.

தண்ணீருக்கு வருகிறேன். "மரம் வைத்தால் மழை வரும், ஊற்று ஊறும்" என்று சின்ன வயதிலிருந்தே கேட்டு வளர்ந்திருக்கிறோம். இந்த மலையில் அதை அளந்து பார்த்திருக்கிறார்கள். ஊட்டியில் உள்ள மத்திய மண், நீர்வள ஆய்வு நிலையத்தார் கிளன்மார்கனில் அருகருகே இரண்டு சிறு நீர்ப்பிடிப்புகளைத் தேர்ந்தெடுத்தார்கள். 1968 முதல் இரண்டிலும் ஓடிவரும் நீரை அளந்தார்கள். 1972-இல் ஒன்றை இயற்கைப் புல்வெளியாகவே விட்டு, மற்றதில் 59 விழுக்காடு பரப்பில் கற்பூர மரம் நட்டார்கள். முதல் பத்தாண்டுச் சுழற்சியில் நட்ட பக்கத்தில் நீர்வரத்து ஆண்டுக்குச் சராசரியாக 16 விழுக்காடு குறைந்தது. வெட்டியபின் அடிக்கட்டையிலிருந்து மறுதாம்பு கிளம்பிய இரண்டாம் சுழற்சியில் அது சுமார் 25 விழுக்காடு ஆனது. கீழே இருக்கும் பவானி வரைக்கும் இந்த மலை நீர் போகிறது, கோடையில் ஒவ்வொரு சொட்டும் கணக்கு. இது உறுதியான இரண்டாவது விஷயம். ஒரு எச்சரிக்கையும் உண்டு: அந்தச் சோதனை கற்பூர மரத்தை வைத்து நடந்தது. சீகைக்கு அதே எண்ணைச் சொல்பவர்களைக் கொஞ்சம் சந்தேகத்தோடு கேளுங்கள். மரத்தை எடுத்துவிட்டால் போன தண்ணீர் மொத்தமும் மறுவருடமே திரும்பிவிடும் என்பதும் ஆசைதான்.

இதுவரை படித்ததும் "அப்படியானால் சீகையை ஒரே மூச்சில் வெட்டித் தள்ள வேண்டியதுதானே" என்று உங்களுக்குத் தோன்றினால், அங்கேதான் நானும் ஒருமுறை விழுந்தேன். பல வருடம் முன்பு, அனுமதியோடு, தனியார் நிலத்தில் இரண்டு ஏக்கர் சீகையை வெட்டினோம். தடியை ஏற்றி அனுப்பினோம். தழையையும் சுள்ளியையும் குவித்து எரித்தோம். இடம் சுத்தமாகிவிட்டது என்று எல்லோருக்கும் சந்தோஷம். அடுத்த மழைக்கு அந்த இடம் கீரைப் பாத்தி போல முளைத்தது, அத்தனையும் சீகைக் கன்று. சீகை விதையின் ஓடு கடினமானது. மண்ணுக்குள் பல பத்தாண்டு உயிரோடு கிடக்கும், சூடு பட்டால் உறக்கம் கலைந்து எழும். நாங்கள் வைத்த தீதான் அதை எழுப்பியது. ஒரு சதுர மீட்டரில் இருந்த கன்றுகளை எண்ண ஆரம்பித்து நூறு தாண்டியதும் நிறுத்திவிட்டேன். அப்புறம் நான்கு வருடம் அவற்றைக் கையால் பிடுங்கினோம். சீகை வேரில் தங்கும் நுண்ணுயிர் காற்றிலிருந்து நைட்ரஜனை எடுத்து மண்ணை வளப்படுத்திவிடும். கேட்க நல்ல விஷயம்போல இருக்கும். ஆனால் இந்தப் புற்கள் ஏழை மண்ணுக்குப் பழகியவை. வளமான மண்ணில் முந்திக்கொள்பவை கிக்கியூ புல்லும், மஞ்சள் பூப் பூக்கும் ஸ்காட்ச் புரூமும், முள் நிறைந்த கோர்ஸும்தான். மூன்றும் வெளியிலிருந்து வந்தவை. ஒரு படையெடுப்பை விரட்டிவிட்டு இன்னொன்றுக்குக் கதவைத் திறந்துவிடுவது எளிது.

நட்டதிலும் தவறினோம். நல்ல புல்வெளியிலிருந்து கிரைசோபோகன், யூலாலியா போன்ற புற்களின் தூரைப் பிரித்து எடுத்து வந்தோம். முதல் வருடம் கூலியாள் கிடைக்காமல் செப்டம்பர் கடைசியில்தான் நட முடிந்தது. வேர் பிடிப்பதற்குள் டிசம்பர் பனி வந்துவிட்டது. மண்ணுக்குள் நீர் உறைந்து, நட்ட தூர்களை வெளியே தள்ளிப்போட்டிருந்தது. ஒரு காலை வந்து பார்த்தபோது வரிசை வரிசையாக வேர் மேலே தெரியக் கிடந்தன. இப்போது தென்மேற்குப் பருவமழை தொடங்கியதும் நட்டு முடித்துவிடுகிறோம். ஒரு தூர் பரவி பக்கத்துத் தூரைத் தொட மூன்று நான்கு வருடம் ஆகும். புல்தானே, தானாக வந்துவிடும் என்று சொல்பவர்கள் இந்தப் புல்லைப் பார்க்காதவர்கள்.

எல்லா சீகைத் தோட்டத்தையும் ஒரே மாதிரி பார்க்கக் கூடாது என்பதும் பழனி மலை வேலையில் கற்றதுதான். சோலைக்கு ஒட்டினாற்போல் இருக்கும் பழைய தோட்டங்களுக்குள் குனிந்து நடந்தால், சீகையின் நிழலில் நாவல் இனங்களும் காட்டுச் செண்பகமும் இடுப்பளவு வளர்ந்து நிற்பதைப் பார்க்கலாம். பனியிலிருந்து அவற்றைக் காப்பாற்றுவது சீகைதான். அங்கே ஒட்டுமொத்தமாக வெட்டினால் இளஞ்சோலை போய்விடும். அத்தகைய இடத்தில் வருடத்துக்குச் சிலது என்று மெதுவாக எடுத்து சோலைக்கு வழிவிடலாம் என்று ஒரு கட்சி. அது முன்பு புல்வெளியாக இருந்த இடம், சோலையாக்கினாலும் தப்புத்தான் என்று இன்னொரு கட்சி. நான் முதல் கட்சி. ஆனால் இரண்டாவது கட்சியில் இருப்பவர்களும் விவரம் தெரிந்தவர்களே. எனக்குத் தெரிந்து யாரும் சண்டை போடாத ஒரு விதி உண்டு: சீகை இப்போதுதான் தலைகாட்டும் நல்ல புல்வெளிக்கு முதலில் போ, முழுசாக மூடிவிட்ட தோட்டத்துக்குக் கடைசியில் வா. காசு குறைவு, பலன் அதிகம். அரசு வேலையில் மட்டும் இது அடிக்கடி தலைகீழாக நடப்பதைப் பார்க்கிறேன். மூடிய தோட்டத்தில்தான் விற்கத் தடி இருக்கிறது.

கார்பன் பற்றி யாராவது கேட்பார்கள், முந்திக்கொள்கிறேன். மரத்தில் இருக்கிற கார்பன் கண்ணுக்குத் தெரியும், புல்வெளி தன் பங்கை மண்ணுக்குள் வைத்திருக்கிறது. ஒரு சீகைத் தோட்டத்தை வெட்டினால் கணக்கில் நிச்சயம் இறக்கம் இருக்கும், அதை மறைக்க வேண்டியதில்லை. நான் புல்வெளியைக் காக்கச் சொல்வது கார்பனுக்காக அல்ல. மண்சரிவு விஷயத்திலும் எங்கள் தரப்பில் சிலர் அதிகம் பேசுகிறார்கள். 2019 ஆகஸ்டில் அவலாஞ்சியில் ஒரே நாளில் 91 சென்டிமீட்டர் மழை கொட்டியது. கோவைக்குச் சராசரியாக ஒரு வருடம் முழுக்கப் பெய்வதே அவ்வளவு வராது. அப்போது தோட்டமும் சரிந்தது, புல்வெளியும் சரிந்தது, சோலை ஓரமும் சரிந்தது. அந்த மழைக்கு எந்தச் செடியும் முழுக் காவல் இல்லை.

வெட்டுவது சட்டப்படிதானா என்ற சந்தேகமும் உங்கள் கேள்வியில் இருந்தது. தமிழக அரசு 2022-இல் அந்நியக் களைத் தாவரங்களை அகற்றி வாழிடங்களை மீட்பதற்கென்றே ஒரு கொள்கை வெளியிட்டது. சென்னை உயர் நீதிமன்றமும் இந்த விஷயத்தில் உத்தரவுகள் போட்டு, என்ன ஆயிற்று என்று கேட்டு வருகிறது. ஆகவே நீங்கள் பார்த்தது கள்ள வெட்டாக இருக்க வாய்ப்பு குறைவு. கள்ள வெட்டு நடப்பதே இல்லை என்று நான் சொல்லவில்லை. இந்த ஏற்பாட்டில் எனக்குக் குறை ஒன்றுதான்: கத்தியை யாரிடம் கொடுப்பது என்று பேசுகிற அளவுக்கு, மேய்ச்சலையும் தீயையும் யார் கவனிப்பது என்று பேசுவதில்லை. தோடர் குடியிருப்புகளான மந்துகளில் எருமை குறைந்துகொண்டே வருகிறது. எருமை மேயாத, தீயும் படாத புல்வெளியில் புதர் ஏறுவதைக் கண்ணால் பார்க்கிறோம். மேய்ச்சலைச் சமூக உரிமையாக ஏற்கும் வன உரிமைச் சட்டம் 2006-லேயே வந்துவிட்டது. தோடர்களைக் கேட்டு, சின்னச் சின்னத் துண்டுகளாக, சரியான மாதத்தில், பனிக் காலத்தின் தொடக்கத்திலேயே புல்லைக் கொளுத்திப் பார்க்க வேண்டும் என்பது என் கருத்து. சீகை விதை கிடக்கும் இடத்தில் அல்ல, சுத்தமான புல்வெளியில் மட்டும். இதைச் சொன்னால் அதிகாரிகள் பதறுவார்கள். பதறுவதில் நியாயமும் இருக்கிறது, பக்கத்துச் சரிவில் காய்ந்த கற்பூர மரம் நிற்கிறதே.

இனி உங்கள் 500 கன்று. எதிர்ச் சரிவில் ஒன்றுகூட நடாதீர்கள், நம் நாட்டு மரமாக இருந்தாலும். வேம்பும் புங்கனும் அந்தப் பனியில் எப்படியும் சாகும். பிழைக்கிற மரத்தை நட்டால் அது இன்னும் மோசம். அனுமதி இல்லாமல் காப்புக்காட்டுக்குள் போய் நடுவது குற்றம் என்பதும் இருக்கிறது. கன்றுகளை ஏற்கெனவே வாங்கிவிட்டீர்கள் என்றால் கோவையிலேயே, இரண்டு கோடை தண்ணீர் ஊற்ற ஆள் இருக்கும் தெருவில் வையுங்கள். மலைக்கு ஏதாவது செய்தே ஆக வேண்டும் என்றால் கன்றுக்கான பணத்தைப் புல் நாற்றுப் பண்ணை நடத்தும் குழு எதற்காவது கொடுங்கள். கையையும் கொண்டு வருவதானால் வனத்துறை அனுமதியோடு நடக்கும் பிடுங்கல் முகாமுக்கு, மழை பெய்து மண் இளகியிருக்கும் நாளில் வாருங்கள். கால் முட்டி உயரத்துக்குள் இருக்கும் சீகைக் கன்று வேரோடு சுலபமாக வரும். அதைத் தாண்டினால் கடப்பாரை வேண்டும். ஒருவர் ஒரு நாளைக்கு எத்தனை பிடுங்கலாம் என்று கேட்காதீர்கள், 500 என்பது காலை டீ குடிப்பதற்குள் முடிகிற கணக்கு.